சீரி அங்கெர்கோஸ்கி: பூரிக்கட்டையும் ஒரு நடிகையும்

சீரி அங்கெர்கோஸ்கி (28 ஜூன் 1902 – 28 மார்ச் 1971) பின்லாந்தின் மேடை, திரை நகைச்சுவை நடிகை. 1930களின் நடுப்பகுதியிலிருந்து மூன்று பத்தாண்டுகளில் எண்பதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். கதாநாயகியாக வந்தவர் அல்லர். வேலைக்காரி, பண்ணைவீட்டு எஜமானி, வம்பளக்கும் பக்கத்து வீட்டுக்காரி, கணவனை விரட்டும் மனைவி போன்ற வேடங்களே அவருக்கு அமைந்தன. ஆனாலும் அந்தக் காலத்துக் கதாநாயகிகள் பலருடைய பெயரை மறந்துவிட்ட பின்லாந்துக்காரர்கள்கூட இவரை ஒரு நொடியில் அடையாளம் சொல்லிவிடுவார்கள். கையில் பூரிக்கட்டை, முகத்தில் எரிச்சல்: அதுதான் ‘பெக்கா பூபா’ படவரிசையின் யூஸ்டீனா.

அந்த ஒரு வேடம் மற்ற வேடங்களை எல்லாம் மறைத்துவிட்டது. அது நியாயமா என்பது வேறு கேள்வி. யூஸ்டீனாவைப் புரிந்துகொள்ளவே, அதற்கு முன் அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்று பார்க்க வேண்டியிருக்கிறது.

பிறந்த ஊரும் மேடையும்

பொத்னியா வளைகுடாவின் வடபகுதியில், ஆறு கடலில் கலக்கும் இடத்தில் இருக்கும் ஊர் ஔலு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் மரக்கப்பல்களுக்குப் பூசும் தாரை ஐரோப்பா முழுவதும் அனுப்பிப் பணம் பார்த்த துறைமுகம். சீரி பால்மு என்ற பெயரில் அவர் பிறந்தபோது பின்லாந்து ரஷ்யப் பேரரசின் ஆளுகைக்கு உட்பட்ட ஒரு தன்னாட்சிப் பகுதி. அவருக்கு நான்கு வயதாகும்போது, 1906-இல், அந்நாட்டுப் பெண்களுக்கு வாக்குரிமை கிடைத்தது. ஐரோப்பாவில் அதுவே முதல்முறை. 1917 டிசம்பரில் நாடு விடுதலை பெற்றது. இரண்டே மாதங்களில் உள்நாட்டுப் போர் மூண்டு, 1918 பிப்ரவரி தொடக்கத்தில் ஔலுவின் தெருக்களிலேயே சண்டை நடந்தது. அப்போது சீரிக்குப் பதினைந்து வயது.

அந்தப் போர் பின்லாந்தின் நாடக உலகையும் இரண்டாகப் பிளந்தது. ஓரளவு பெரிய ஊர் என்றால் இரண்டு மேடைகள் இருக்கும். ஒன்று வசதி படைத்த நடுத்தர வர்க்கத்தாருடையது; இன்னொன்று தொழிலாளர் சங்கக் கட்டடத்தில் இயங்குவது. தொழிலாளர் மேடைகளைச் சின்னதாக நினைத்துவிடக் கூடாது. 1901-இல் தொடங்கிய தம்பரே தொழிலாளர் நாடக அரங்கு இன்றும் நாட்டின் முன்னணி அரங்குகளில் ஒன்று. இவை போக, இளைஞர் மன்றங்கள் கிராமந்தோறும் நாடகம் போட்டன. முப்பது லட்சத்தைச் சற்றே தாண்டிய மக்கள்தொகைக்கு இத்தனை மேடைகள் என்பது அதிகம்தான். 1920களில் மேடையேறிய சீரியின் தலைமுறை நடிகர்களுக்கு நடிப்புப் பள்ளி என்பது பெரும்பாலும் இந்த மேடைகளே. ஒரு வாரம் சோகம், அடுத்த வாரம் கேலி நாடகம், அதற்கடுத்து இசை நாடகம் என்று எது கிடைத்தாலும் நடிக்க வேண்டும். ஐம்பது வயதுப் பாட்டி வேடத்தை இருபது வயதுப் பெண் போட வேண்டிவரும்.

பின்னிஷ் மொழி நாடகத்தில் சிரிப்புக்கு ஒரு வலுவான முன்னோடி உண்டு. அலெக்ஸிஸ் கிவி 1864-இல் வெளியிட்ட ‘நும்மி ஊர்ச் செருப்புத் தொழிலாளிகள்’ அடுத்த ஆண்டே அரசுப் பரிசு பெற்றது, இன்றுவரை மேடையேறுகிறது. அதில் மார்த்தா என்றொரு பாத்திரம். செருப்பு தைக்கும் தோபியாஸின் மனைவி. மந்தமான மகனுக்குக் கல்யாணம் முடித்து ஒரு பரம்பரைச் சொத்தைக் கைப்பற்றப் பார்ப்பவள். வீட்டில் அவள் வைத்ததுதான் சட்டம். மார்த்தாவிலிருந்து தொடங்கி, வீட்டை ஆளும் பெண் பின்னிஷ் நகைச்சுவையில் நிரந்தரமாகக் குடியேறிவிட்டாள். மையூ லஸ்ஸிலாவின் ‘தீக்குச்சி கடன் வாங்கப் போய்’ (1910) நாவலில் காப்பி போட அடுப்புப் பற்றவைக்கத் தீக்குச்சி வாங்கிவர மனைவி கணவனை அனுப்புகிறாள். அவன் நண்பனோடு ஊர் சுற்றக் கிளம்பிவிடுகிறான், கதை எங்கெங்கோ போகிறது. ஆண்கள் வெளியே திரிவது, பெண் வீட்டில் கணக்குக் கேட்கக் காத்திருப்பது. யூஸ்டீனாவுக்குத் தேவையான எல்லாம் 1910-லேயே தயாராகிவிட்டன.

மேடையில் கிடைத்த வாழ்க்கைத் துணை, நடிகர் கார்லோ அங்கெர்கோஸ்கி. சீரியைவிட நான்கு வயது இளையவர், திரையிலும் கவனம் பெறத் தொடங்கியிருந்தவர். திருமணத்துக்குப் பின் சீரி ஏற்ற குடும்பப் பெயர் இவருடையது. 1936-இல் கார்லோ இளம் வயதிலேயே இறந்தார். கணவரின் திரைவாழ்வு முடிந்த இடத்தில் மனைவியின் திரைவாழ்வு வேகமெடுத்தது. ‘அங்கெர்கோஸ்கி’ என்ற பெயரை நாடு முழுக்கத் தெரியவைத்தவர் அந்தப் பெயரில் பிறக்காதவர்.

எஸ்.எஃப். என்ற ஆலை

பின்லாந்தில் எடுக்கப்பட்ட முதல் கதைப்படம் கள்ளச்சாராயம் காய்ச்சுபவர்களைப் பற்றியது, 1907-இல் வந்தது. பேசும்படம் வந்தது 1931-இல். அடுத்த சில ஆண்டுகளில் இரண்டு பெரிய நிறுவனங்கள் நின்றன. ஒன்று சுவோமி-ஃபில்மி. இன்னொன்று, அங்கிருந்து வெளியேற்றப்பட்ட எர்க்கி காரு 1933-இல் தொடங்கிய சுவோமென் ஃபில்மிதியொல்லிசுஸ். பெயரின் நீளம் கருதி எல்லாரும் எஸ்.எஃப். என்றே சொன்னார்கள். காரு 1935 டிசம்பரில் திடீரென இறக்க, நிறுவனம் தொய்வோ சார்க்காவின் கைக்கு வந்தது. அவர் வங்கித்துறையிலிருந்து வந்தவர். கலைஞன் என்பதைவிடக் கணக்குப்பிள்ளை என்பதே பொருந்தும் என்று அவரைக் கேலி செய்தவர்கள் உண்டு. ஆனால் அந்தக் கணக்குப்பிள்ளை இருநூறுக்கும் மேற்பட்ட படங்களைத் தயாரித்தார். அவற்றில் பலவற்றைத் தானே இயக்கவும் செய்தார்.

சின்ன நாடு, ஒரே மொழிச் சந்தை, ஏற்றுமதிக்கு வழியில்லை. படம் லாபம் தர வேண்டுமானால் செலவைக் குறைக்க வேண்டும், ஒரே நடிகர் குழுவைத் திரும்பத் திரும்பப் பயன்படுத்த வேண்டும். நாடக அரங்குகள் இலையுதிர்காலத்தில் திறந்து வசந்தத்தில் மூடும். கோடையில் வடக்கே இரவு பத்து மணிக்கும் வெளிச்சம் இருக்கும், நடிகர்களுக்கும் மேடை வேலை இருக்காது. ஆகவே பின்லாந்தின் பல படங்களில் ஏரியும் படகும் பூத்த புல்வெளியும் இருப்பதற்கு அழகுணர்ச்சி மட்டும் காரணமில்லை. நாடக அட்டவணையும் ஒரு காரணம்.

இப்படிப்பட்ட அமைப்பில் நட்சத்திரங்களைவிட அதிகம் தேவைப்பட்டவர்கள் துணை நடிகர்கள். மூன்று நாள் வேலை, நான்கு காட்சி, ஒத்திகைக்கு நேரமில்லை. வந்து நின்றதும் அந்த ஆள் யார் என்று பார்வையாளருக்குத் தெரிந்துவிட வேண்டும். நாட்டுப்புற மேடைகளில் வாரம் ஒரு வேடம் போட்டுப் பழகியவர்களுக்கு இது கைவந்த கலை. ஆண்களில் அகு கோர்ஹோனென் இந்த வகையில் பெரிய ஆள். பெண்களில் சீரியை எட்டியவர் இல்லை என்றே சொல்லலாம். படங்களின் எண்ணிக்கையே அதற்குச் சாட்சி.

1941: மூன்று நடிகைகள், மூன்று சிரிப்புகள்

சீரியின் இடத்தைச் சரியாகக் காட்டும் ஆண்டு 1941. சோவியத் யூனியனுடனான குளிர்காலப் போர் 1940 மார்ச்சில் முடிந்திருந்தது. அடுத்த போர் 1941 ஜூனில் தொடங்கவிருந்தது. நடுவே கிடைத்த இடைவெளியில் மக்கள் திரையரங்குகளை நிரப்பினார்கள். போர் ஆண்டுகளில் பொது நடனத்துக்குக் கட்டுப்பாடு இருந்ததும் அதற்கு ஒரு காரணம்.

அந்த ஆண்டின் மாபெரும் வெற்றி ‘நாடோடியின் வால்ட்ஸ்’. எழுத்தாளர் மீகா வால்தரி திரைக்கதை எழுத, சார்க்கா இயக்க, தாவுனோ பாலோவும் அன்சா இக்கோனனும் நடித்தார்கள். செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் பிறந்து, 1935 முதல் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஹெல்சின்கி தேசிய நாடக அரங்கில் இருந்தவர் அன்சா. பாலோவும் அவரும் நிஜத்திலும் கணவன் மனைவி என்று நம்பிய ரசிகர்கள் ஏராளம். உண்மையில் அன்சா மணந்தது யல்மாரி ரின்னே என்ற இன்னொரு நடிகரை. அன்சா நடிப்போடு நிற்கவில்லை. 1944-இல் ‘நைனென் ஒன் வால்த்தியா’ என்ற நகைச்சுவைப் படத்தை இயக்கினார். பின்லாந்தில் முழுநீளப் படம் இயக்கிய முதல் பெண், 1936-இல் அதைச் செய்த குளோரி லெப்பானென். அவரையடுத்து அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர் அன்சா.

அதே 1941-இல் சுவோமி-ஃபில்மி பக்கத்தில் வேறு வகைச் சிரிப்பு ஒன்று உருவானது. இயக்குநர் வாலென்தீன் வாலா, ‘மணமகள் தரும் அதிர்ச்சி’ படத்தில் லேயா யோவுட்செனோவை முன்னிறுத்தினார். கூர்மையான வாய், ஆண்களைச் சுற்றலில் விடும் அறிவு, வேகமான உரையாடல். அடுத்த ஆண்டு ‘வாராவென்தீலி’. ஹில்யா வால்தோனென் என்ற பள்ளி ஆசிரியை 1926-இல் எழுதிய முதல் நாவலிலிருந்து பிறந்த படம். 1946 வரை இந்தக் கூட்டணி தொடர்ந்தது. லேயா நடித்ததோடு, எழுத்தாளர் கெர்ஸ்தி பெர்க்ரோத்தோடு சேர்ந்து திரைக்கதைகளிலும் கைவைத்தார்.

மூன்றாவது, ‘சுவோமிசென் பெர்ஹே’: சுவோமினென் குடும்பம். 1938-இல் வானொலியில் தொடங்கி 1958 வரை ஓடிய தொடர் அது. எல்சா சொய்னி, சேரே சல்மினென் என்ற இரண்டு பெண்கள் ஒரே புனைபெயரில் எழுதினார்கள். ஹெல்சின்கியில் வாழும் நடுத்தரக் குடும்பம். அப்பா, அம்மா, குறும்புக்காரப் பையன் ஒல்லி, அவன் சகோதரிகள். வானொலியில் கேட்ட குரல்களுக்கு முகம் கொடுத்து எஸ்.எஃப். 1941 முதல் 1945 வரை ஐந்து படங்கள் எடுத்தது. ஒல்லியாக நடித்த சிறுவன் லாஸ்ஸே பொய்ஸ்தி, பிற்காலத்தில் ஸ்டாக்ஹோமின் அரச நாடக அரங்குக்கே தலைவரானார். அந்த வீட்டின் வேலைக்காரி ஹில்டாவாக வந்தவர் சீரி.

அன்சாவுக்குக் காதல், லேயாவுக்குச் சொல்லாடல், சீரிக்கு அடுப்படி என்று பிரித்துப் பார்க்கத் தோன்றும். அது பாதி உண்மைதான். ஹில்டா வெறும் அடுப்படி ஆள் இல்லை. வீட்டில் இருக்கும் எல்லாருடைய அசட்டுத்தனமும் தெரிந்தவள் அவள் ஒருத்திதான். எஜமானர்கள் தங்களைப் பற்றி உயர்வாக நினைத்துக்கொள்ளும்போது, தட்டை எடுத்துக்கொண்டு போகிற போக்கில் ஒரு வார்த்தை, இல்லாவிட்டால் ஒரு பார்வை. அந்தக் காலத்து நகர வீடுகளில் வேலை செய்தவர்கள் பெரும்பாலும் கிராமத்திலிருந்து வந்த பெண்கள். அவர்களுடைய பேச்சையும் நடையையும் இளக்காரம் செய்வது படங்களில் சுலபமான சிரிப்பு. சீரி அந்தச் சுலபத்தை எடுத்துக்கொள்ளாமல், கேலியின் முனையை எஜமானர்கள் பக்கம் திருப்பினார். இதில் அவருடைய திறமை ஒரு பங்கு. வீட்டு நிர்வாகம் என்றால் என்ன என்று தெரிந்த இரண்டு பெண்கள் எழுதிக்கொடுத்த வசனம் இன்னொரு பங்கு.

இங்கே இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்தக் காலத்துப் பின்னிஷ் நகைச்சுவையின் அடித்தளத்தில் பெண் எழுத்தாளர்கள் வரிசையாக நிற்கிறார்கள். வால்தோனென், பெர்க்ரோத், சொய்னி, சல்மினென் மட்டுமல்ல. ஹெல்லா வுவோலியோகியும் இருக்கிறார். கிராமத்திலிருந்து வந்த வேலைக்காரப் பெண் ஒருத்தி அரசியலில் உயர்வதைப் பற்றிய அவருடைய ‘யூராக்கோன் ஹுல்டா’ நாடகத்தை வாலா 1937-இல் படமாக்கினார். அதே கதையை ஹாலிவுட் 1947-இல் எடுத்தபோது லொரெட்டா யங் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் வாங்கினார். ஹெல்சின்கி வேலைக்காரியின் கதைக்கு ஆஸ்கார் வரை போகும் வலு இருந்தது. சீரி அந்தப் பாரம்பரியத்தின் உள்ளே நின்று ஹில்டாவைச் செய்தார்.

யூஸ்டீனா

1925-இல் ஓலா ஃபோகெல்பெர்க் என்ற ஓவியர், கூட்டுறவுச் சங்கங்களின் நுகர்வோர் இதழில் ஒரு படக்கதையைத் தொடங்கினார். நாயகன் பெக்கா பூபா. மரமண்டை என்பதையே குடும்பப் பெயராகக் கொண்டவன். கூட்டுறவுக் கடையில் பொருள் வாங்குங்கள் என்று உறுப்பினர்களுக்குச் சொல்லவும் இந்தப் படக்கதை பயன்பட்டது. பெக்காவுக்குக் குள்ளமான கூட்டாளி பாட்கா, மனைவி யூஸ்டீனா. ஃபோகெல்பெர்க் 1952-இல் இறந்தார். மகள் தோத்தோ ஃபோகெல்பெர்க்-கைலா படக்கதையை 1975 வரை தொடர்ந்தார்.

ஓவியர் இறந்த மறு ஆண்டே, 1953-இல், எஸ்.எஃப். முதல் ‘பெக்கா பூபா’ படத்தை வெளியிட்டது. வில்லே சல்மினென் இயக்கினார். பெக்காவாக எஸா பாகரினென், பாட்காவாக மாசா நியெமி. பாகரினென் அக்கார்டியன் கலைஞர், பாடகர். ஊர் ஊராகச் சுற்றி நிகழ்ச்சி நடத்தியவர். பொய்ப்பல்லைக் கழற்றிவிட்டு முகத்தைச் சுருக்கிக் காட்டுவது அவருடைய தனி வித்தை. நியெமி சிறிய உருவம், பரபரப்பு, பயம். இருவருமே கேளிக்கை மேடைகளிலிருந்து வந்தவர்கள். நடுவில் நாடகப் பயிற்சி உள்ள ஒருவர் வேண்டும் என்று நினைத்தார்களோ என்னவோ, யூஸ்டீனாவாகச் சீரி வந்தார். அப்போது அவருக்கு ஐம்பது வயது தாண்டியிருந்தது.

1960 வரை பதின்மூன்று படங்கள். பெரும்பாலானவற்றை இயக்கியவர், அமெரிக்காவின் ஒரெகன் மாநிலத்தில் பிறந்த அர்மான்ட் லோஹிகோஸ்கி. தலைப்புகளைப் பார்த்தாலே செய்முறை தெரிந்துவிடும். பனிமனிதனைத் தேடி (1954), பூங்காவில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக்களாக (1955), நீர்மூழ்கி வீரர்களாக, துப்பறிவாளர்களாக (1957), சூயஸில், கோடீசுவரர்களாக (1958), மாபெரும் ஓவியர்களாக (1959). அன்றைய பத்திரிகைத் தலைப்பில் எது சூடோ அதற்குள் இருவரையும் இறக்கிவிட வேண்டியதுதான். எவரெஸ்ட் ஏறிய சூட்டில் பனிமனிதன். கால்வாய் நெருக்கடிக்குப் பின் சூயஸ்.

கதை எங்கே போனாலும் தொடங்குவதும் முடிவதும் ஹெல்சின்கியின் ஓர் அடுக்குமாடி வீட்டில். அங்கே யூஸ்டீனா. கீழே கட்டடக் காவலாளி பிக்கரைனென். அர்மாஸ் யோகியோ நடித்தார். இரண்டு சோம்பேறி ஆண்கள் வேலைக்குப் போகாமல் திட்டம் போட்டுக்கொண்டிருப்பார்கள். கதவு திறக்கும். பூரிக்கட்டை முதலில் தெரியும், அப்புறம்தான் ஆள்.

இந்த வேடத்தை எளிதில் கெடுத்திருக்கலாம். கணவனை அடிக்கும் மனைவி என்பது எந்த நாட்டிலும் பழகிச் சலித்த கேலி. கத்திக்கொண்டே இருந்தால் முதல் படத்திலேயே அலுத்துவிடும். சீரி என்ன செய்தார் என்றால், யூஸ்டீனாவை நியாயத்தின் பக்கம் நிறுத்தினார். வாடகை கொடுக்க வேண்டும், சாப்பாடு சமைக்க வேண்டும், கணவன் ஒரு காசு கொண்டுவருவதில்லை, கூடவே அவன் நண்பனும் வந்து உட்கார்ந்திருக்கிறான். யூஸ்டீனாவின் கோபத்துக்குக் காரணம் இருக்கிறது என்பது பார்ப்பவருக்குத் தெரியும். அதனால்தான் அடி விழும்போது சிரிப்பு வருகிறது. உள்ளே நுழைந்ததும் அவர் கத்துவதில்லை. ஒரு நொடி நிற்கிறார், அறையைப் பார்க்கிறார், என்ன நடந்திருக்கிறது என்று கணக்குப் போடுகிறார். பார்வையாளர் அந்தக் கணக்கை அவரோடு சேர்ந்து போட்டு முடித்த பிறகே குரல் எழும்புகிறது. இந்த ஒரு நொடி மேடையில் கற்றது. பாகரினெனிடமும் நியெமியிடமும் இல்லாதது. அவர்கள் இருவரும் முகத்தால் சிரிக்க வைத்தார்கள். சீரி நேரம் பார்த்துச் சிரிக்க வைத்தார்.

அதே சமயம் யூஸ்டீனாவுக்கு எல்லையும் உண்டு. ஹில்டாவுக்கு இருந்த பேச்சு இவளுக்கு இல்லை. எழுதியவர்களுக்கு அவள் ஒரு மணி போல. தேவைப்படும்போது அடித்தால் போதும். அவள் எங்கே போகிறாள், யாரோடு பேசுகிறாள், பெக்காவை ஏன் கட்டிக்கொண்டாள் என்று எந்தப் படமும் அக்கறை காட்டியதில்லை. பதின்மூன்று படங்களில் அந்தப் பாத்திரம் ஓர் அங்குலம்கூட வளரவில்லை. இது சீரியின் குறையன்று. அவர் வளர்க்கக்கூடியவர் என்பதற்கு ஹில்டாவே ஆதாரம்.

விமர்சகர்களும் வசூலும்

பத்திரிகை விமர்சகர்கள் இந்தப் படங்களை மதிக்கவில்லை. பாகரினென் நடித்த ‘ரோவனியெமி சந்தையில்’ (1951) படத்திலிருந்தே சண்டை தொடங்கிவிட்டது. ரெய்னோ ஹெலிஸ்மா எழுத்திலும் தொய்வோ கார்க்கி இசையிலும் உருவான அந்த வகைக்கு, பாட்டில் வந்த ஒரு பொருளற்ற சொல்லை வைத்து ‘ரில்லுமரெய்’ என்று பெயர் விழுந்தது. நாட்டின் ரசனையைக் கெடுக்கிறது என்று படித்தவர்கள் எழுத எழுத, கூட்டம் கூடிக்கொண்டே போனது. பெக்கா பூபா படங்களும் அதே கணக்கில் சேர்க்கப்பட்டன. குறைந்த செலவு, அவசரப் படப்பிடிப்பு, பலவீனமான கதை என்ற குற்றச்சாட்டுகளில் பொய் இல்லை. ஆனால் இன்னொரு பக்கமும் இருக்கிறது. 1955-இல் எஸ்.எஃப். இந்த வரிசையில் மூன்று படங்களை வெளியிட்டது; அதே ஆண்டு டிசம்பரில் அதே நிறுவனம் வெளியிட்டதுதான் எட்வின் லைனே இயக்கிய ‘அறியப்படாத சிப்பாய்’. வைனோ லின்னாவின் போர் நாவலைத் தழுவிய அந்தப் படத்தைச் சுமார் 28 லட்சம் பேர் பார்த்தார்கள். நாட்டின் மொத்த மக்கள்தொகையே அப்போது 42 லட்சத்தைச் சுற்றித்தான். தேசியக் காவியத்தையும் பூரிக்கட்டையையும் ஒரே கூரையின் கீழ் தயாரித்த நிறுவனத்தில், இரண்டாவதன் நிச்சய வருமானம் முதலாவதற்கான துணிச்சலைக் கொடுத்திருக்கும் என்பதே என் கணிப்பு.

எல்லாவற்றையும் பரிவோடு பார்த்துவிடவும் முடியாது. 1960-இல் வந்த கடைசிப் படம் கறுப்பின மக்களைக் குறிக்கும், இன்று யாரும் சொல்லத் தயங்கும் சொல் ஒன்றைத் தலைப்பிலேயே தாங்கியிருக்கிறது. நாயகர்கள் முகத்தில் கரி பூசிக்கொண்டு வருகிறார்கள். இன்று அதைப் பார்ப்பது சங்கடம். அந்த ஆண்டே மாசா நியெமி மறைந்தார், வரிசை நின்றது.

திரை அணைந்ததும் பெட்டி

பின்லாந்தில் தொலைக்காட்சி முறையாகத் தொடங்கியது 1958-இல். திரையரங்குகள் காலியாக அதிக நாள் ஆகவில்லை. 1963 முதல் 1965 வரை நடிகர் சங்கம் படத் தயாரிப்பாளர்களுக்கு எதிராக வேலைநிறுத்தம் செய்தது. பழகிய முகங்கள் இல்லாமல் படம் எடுக்கப் பழகிக்கொண்ட இளம் இயக்குநர்கள், பிறகு அந்த முகங்களைத் திரும்பக் கூப்பிடவில்லை. 1965-இல் எஸ்.எஃப். திவாலானது. சீரி அறுபதைக் கடந்துவிட்டிருந்தார். அவரை வளர்த்த ஆலை மூடிய பிறகு, புதிய அலைப் படங்களில் அவருக்கு ஏற்ற அடுப்படி இல்லை.

ஆனால் நிறுவனத்தைக் கொன்ற பெட்டிதான் அதன் படங்களுக்கு மறுபிறவி கொடுத்தது. எஸ்.எஃப். படங்களின் உரிமைகளை அரசு ஒலிபரப்பு நிறுவனமான யூலெய்ஸ்ரதியோ வாங்கியது. மதிய நேரம், விடுமுறை நாள், மழைக்காலம் என்று எப்போதெல்லாம் இடம் காலியோ அப்போதெல்லாம் பழைய படங்கள் ஓடின. திரையரங்கில் யூஸ்டீனாவைப் பார்த்தவர்களின் பேரக்குழந்தைகள் வீட்டுக்கூடத்தில் உட்கார்ந்து பார்த்தார்கள். வார்த்தை புரியாத வயதிலேயே புரிகிற நகைச்சுவை அது. 1940களின் மென்மையான நகைச்சுவைகளைவிட, விமர்சகர்கள் குப்பை என்று ஒதுக்கிய இந்தப் படங்களே குழந்தைகளிடம் சுலபமாகச் சென்று சேர்ந்தன. சீரியின் மேடை வாழ்க்கை அவரைப் பார்த்தவர்களோடு போய்விட்டது. ஹில்டாவைத் திரையாய்வாளர்கள் நினைவில் வைத்திருக்கிறார்கள். யூஸ்டீனா எல்லாரிடமும் இருக்கிறாள்.

1980களில் வீசா மாக்கினென் என்ற தயாரிப்பாளர் பெக்காவையும் பாட்காவையும் புது நடிகர்களோடு திரும்பக் கொண்டுவந்தார். 1985-இலும் 1986-இலும் ஒவ்வொரு படம் வந்தது. பழைய மூவரின் இடத்தை அந்தப் படங்களால் பிடிக்க முடியவில்லை.

சீரி அங்கெர்கோஸ்கி ஹெல்சின்கியில் 1971 மார்ச் 28 அன்று தம் 68-ஆம் வயதில் காலமானார். அவரை முதன்முதலாகப் பார்க்க விரும்புகிறவர்கள் நேராக யூஸ்டீனாவிடம் போக வேண்டாம். 1941-இன் ‘சுவோமிசென் பெர்ஹே’ படத்தில் ஹில்டாவைப் பார்த்துவிட்டு, அடுத்து 1953-இன் முதல் ‘பெக்கா பூபா’வைப் பாருங்கள். அவர் கையிலிருந்து எதையெல்லாம் பிடுங்கிக்கொண்டு ஒரு பூரிக்கட்டையைக் கொடுத்தார்கள் என்பதும், அந்தக் கட்டையை வைத்தே அவர் என்ன செய்து காட்டினார் என்பதும் அப்போது தெரியும்.